யாராவது என் தொப்பியைப் பாத்தீங்களா

அத்தியாயம் பதினொன்று

ஷெரீப்பின் வாயில் மிஞ்சியிருப்பது ஒரே ஒரு சொல். தொப்பி.

தண்ணீர் வேண்டுமென்றாலும் தொப்பி. ஜன்னலைச் சாத்தச் சொன்னாலும் தொப்பி. நலம் விசாரிக்க வந்தவர்கள் ஆப்பிளைக் கையில் வைத்துக்கொண்டு, "எப்படி இருக்கீங்க?" என்று கேட்டால் அதற்கும் அதே பதில்தான். வந்தவர்களுக்குச் சிரிப்பு வரும். சிரித்துவிட்டு, இங்கே சிரிக்கலாமா கூடாதா என்று தெரியாமல் விழிப்பார்கள்.

இத்தனை வாரமாகக் கூடவே வருகிறவர்களுக்கு இதெல்லாம் தெரியும். இந்த வாரம்தான் பத்திரிகையைக் கையில் எடுத்தவர்களுக்கும் ஒன்றும் குடிமுழுகிப் போய்விடவில்லை. நீட்டி முழக்குவதற்குச் சந்தோஷமான கதையா என்ன, சுருக்கமாகவே சொல்லிவிடலாம்.

அண்ணன் நடிகர், அவர்தான் ஷெரீப். தம்பி டைரக்டர். இருவரும் சேர்ந்து நாலு கௌபாய் படம் எடுத்தவர்கள். உடனே பெரிய பாலைவனம், பாயும் குதிரை என்றெல்லாம் கற்பனை செய்துகொள்ள வேண்டாம். செங்கல் சூளைக்குப் பின்னால் இருக்கும் மணல்மேடுதான் பாலைவனம். குதிரைக்கு வழியில்லாததால் ஷெரீப் சைக்கிளில் வருவார். இறங்கி அதைக் கம்பத்தில் கட்டுவார், முன்சக்கரத்துக்குத் தண்ணீர் காட்டுவார், ஹேண்டில்பாரைத் தட்டிக்கொடுப்பார். சைக்கிள் ஓடும்போது குளம்புச் சத்தம் கேட்கும். மதுக்கடையின் ஆடும் கதவு ஏதோ பழைய ஆஸ்பத்திரியில் கழற்றியது. அதிலிருந்த 'அமைதி காக்கவும்' என்ற எழுத்தை யாரும் அழிக்கவில்லை. துப்பாக்கிச் சண்டை நடக்கும்போதெல்லாம் அது பின்னால் ஆடிக்கொண்டிருக்கும்.

வில்லன்கள் நாலு பேர், தொப்பிகள் மூன்று. ஒருவன் சுடப்பட்டு விழுந்ததும் அடுத்தவன் அவன் தொப்பியை எடுத்துப் போட்டுக்கொண்டு வர வேண்டும். முதல் படத்தின் கடைசிச் சண்டையில் ஷெரீப் விழுந்து கிடந்தார். அவர் தொப்பியையும் யாரோ அவசரத்துக்கு எடுத்துப் போய்விட்டார்கள். ஷாட் முடிந்துவிட்டது என்று நினைத்து எழுந்தவர், தலையைத் தடவிப் பார்த்து, "யாராவது என் தொப்பியைப் பாத்தீங்களா?" என்று நிஜமாகவே கேட்டார். கேமரா ஓடிக்கொண்டிருந்தது. தம்பி அதை வெட்டாமல் படத்திலேயே வைத்துவிட்டார்.

தியேட்டர் கூரை பறந்தது. ஒன்பது வினாடி செத்துக் கிடந்து தொப்பி கேட்ட ஷெரீப் ஊருக்கே செல்லப்பிள்ளை ஆனார்.

அன்றிலிருந்து அதுவே வழக்கம். ஒவ்வொரு படத்தின் முடிவிலும் ஷெரீப் சுடப்பட்டு விழுவார். முந்தைய படத்தைவிட அதிக நேரம் கிடப்பார். ஜனங்கள் ஒன்று, இரண்டு என்று சத்தமாக எண்ணுவார்கள். நாலாவது படத்தில் எழுபத்து நாலு வரை எண்ணினார்கள். எடுக்கும் இடத்திலும் ஒரு சட்டம் இருந்தது. அவராகத் தொப்பி கேட்கும்வரை யாரும் தொடக்கூடாது, யாரும் கட் சொல்லக்கூடாது. அவர் கேட்டதும் டைரக்டர் கட் சொல்வார். எழுந்து மணலைத் தட்டிக்கொண்டே ஷெரீப் கேட்கும் முதல் கேள்வி, "எத்தனை?"

ஐந்தாவது படத்தின் கடைசி ஷாட்டில் அவர் எழுந்திருக்கவில்லை. மூளையில் ரத்தக்குழாய் அடைத்து, வலது கையும் வலது காலும் போய்விட்டன. பேச்சும் போய்விட்டது. "விழுந்ததும் ஓடிப்போய்த் தூக்கிட்டோம், ஒரு நிமிஷம்கூட தாமதிக்கல" என்று டைரக்டர் ஆஸ்பத்திரி வராந்தாவில் சொன்னார். ஷெரீப்பின் மனைவிதான் இந்தப் படங்களுக்கெல்லாம் உடை தைப்பவள். அன்று அவள் வேனில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்தாளாம். கூச்சல் கேட்டுத்தான் ஓடி வந்தாளாம்.

ஆக, அந்த இடத்திலேயே இல்லாதவள் மகள் ஒருத்திதான். அவளைப் பற்றித்தான் இந்த வாரம்.

வீட்டிலும் வேலையிலும் அவளுக்குப் பெயர் குளம்பு. ஒன்பது வயதில் ஒரு தட்டு மணலும் இரண்டு மரக்கரண்டியும் வைத்துக்கொண்டு அப்பாவின் சைக்கிளுக்குக் குளம்புச் சத்தம் போட்டவள். இரண்டாவது படத்தின் டைட்டிலில் அந்தப் பெயரில் ஓர் எழுத்து மாறிப்போய், தியேட்டர் முழுக்கச் சாப்பாட்டு ஞாபகத்தில் சிரித்தது. இப்போது இருபத்து நாலு வயது. படத்தின் மொத்தச் சத்தமும் அவள் பொறுப்பு. அப்பா விழுந்த அன்று அவள் ஸ்டூடியோவில் இரண்டாவது ரீலுக்குக் கரண்டி தட்டிக்கொண்டிருந்தாள்.

இன்று காலை அவள் கிளம்பும்போது அப்பா ஜன்னலோர நாற்காலியில் இருந்தார்.

"தொப்பி" என்றார்.

அம்மா ஆணியில் மாட்டியிருந்த ஷெரீப் தொப்பியை எடுத்து வந்து அவர் மடியில் வைத்தாள். அவர் இடது கையால் அதைத் தள்ளிவிட்டார். அம்மா குனிந்து எடுத்துத் தூசி தட்டி மறுபடி மாட்டினாள். ஒரு நாளைக்கு இது முப்பது தடவையாவது நடக்கும்.

"அவருக்கு அது மேல அவ்வளவு ஆசை" என்றாள் அம்மா, யாரிடம் என்றில்லாமல்.

"ஆசைன்னா ஏம்மா தள்ளி விடறார்?"

"உனக்கு நேரமாச்சு. போ."

குளம்பு போனாள். இன்று கடைசி ரீலுக்கு டப்பிங்.

அப்பாவுக்குப் பதிலாகப் பேச ஒரு மிமிக்ரிக்காரரைச் சித்தப்பா பிடித்து வந்திருந்தார். நாற்பது வயதிருக்கும், வழுக்கை, சாதுவான மனிதர். கண்ணாடி அறைக்குள் மைக் முன்னால் நின்று, திரையில் அப்பாவின் வாயைப் பார்த்துக்கொண்டே பேச வேண்டும். காதில் பைலட் ட்ராக் ஓடும். எடுக்கும் இடத்தில் பதிவான சத்தத்துக்கு அதுதான் பெயர். லாரி ஹாரன், நாய்க் குரைப்பு, டைரக்டரின் வசவு எல்லாம் அதில் இருக்கும். டப்பிங் பேசுபவருக்கு வாயசைவு பிடிபடுவதற்காக வைத்திருப்பது. பேசி முடித்ததும் தூக்கிப் போட்டுவிடுவார்கள்.

"உங்க அப்பா குரல்ல லேசா ஒரு சளி இருக்கும்மா" என்றார் மிமிக்ரிக்காரர். "குரலப் பிடிக்க ஒரு நாள் போதும். அந்தச் சளியப் பிடிக்கத்தான் மூணு நாள் ஆச்சு."

"சிகரெட்டுண்ணே அது."

"அதான் பாத்தேன். நானும் ரெண்டு பிடிச்சுப் பாத்துட்டேன். இருமல்தான் வந்தது."

குளம்பு சிரித்தாள். அடுத்த நிமிடம் அவர் மைக்கில், "டேய், இந்த ஊர்ல ரெண்டு பேருக்கு இடமில்ல. பஸ் ஸ்டாண்டுல ஒரே ஒரு பெஞ்சுதான் இருக்கு" என்று அப்பாவின் குரலில் பேசியதும் சிரிப்பு போய்விட்டது. அப்பா முழு வாக்கியம் பேசுகிறார். நிறுத்தி, இழுத்து, கடைசி வார்த்தையை ஒன்றும் தெரியாதவர் போல் போட்டுவிட்டுப் போகிறார். அவள் திரையைப் பார்க்காமல் மேசையைப் பார்த்துக்கொண்டாள். கண்ணிலிருந்து சொட்டியது கண்ட்ரோல் போர்டில் விழுந்துவிடாமல் புறங்கையால் துடைத்துக்கொண்டாள்.

பதினோரு மணிக்கு எல்லா வசனமும் முடிந்தது. கடைசி ஷாட் மட்டும் பாக்கி.

"இதுக்குப் பைலட் இல்லியாமேம்மா" என்றார் மிமிக்ரிக்காரர். "அன்னைக்கு மெஷின் கோளாறுன்னு டைரக்டர் சொன்னார்."

"இருக்கறது ஒரே வசனம். அதுவும் அப்பா சொல்லவே இல்ல. ஷாட்டோட முடிவுல நீங்க குரல் மட்டும் குடுத்துட்டாப் போதும். முகத்தக் காட்டாம தொப்பியக் காட்டிக்கலாம்னு சித்தப்பா சொன்னார்."

"சரி. ஒரு தடவை முழுசா ஓட்டும்மா. எங்க பேசணும்னு பாத்துக்கறேன்."

அந்த ஷாட்டை அவள் இதுவரை முழுதாகப் பார்த்ததில்லை. பார்க்கத் தைரியம் வரவில்லை. முதல் அரை நிமிடத்தைப் பார்த்துவிட்டு எப்போதும் நிறுத்திவிடுவாள்.

ஓட்டினாள்.

ஷெரீப் விழுகிறார். ஊர் தன் பாட்டுக்கு நடக்கிறது. தெரு கூட்டுகிறவர் வந்து அவரைச் சுற்றிக் கூட்டிவிட்டுப் போகிறார். சவப்பெட்டி செய்யும் தச்சர் டேப்பால் நீளம் அளந்து, பூட்ஸைச் சேர்ப்பதா வேண்டாமா என்று யோசித்து, பூட்ஸைக் கழற்றித் தன் காலுக்குப் போட்டுப் பார்க்கிறார். வில்லன்கள் அவர் பக்கத்தில் உட்கார்ந்து சீட்டாடுகிறார்கள். சோடா பாட்டிலை வைக்க இடம் தேடி அவர் நெஞ்சின் மேல் வைக்கிறார்கள். சித்தப்பா இதற்குத்தான் ஒரு மாதம் ஒத்திகை பார்த்தார். ஐந்து நிமிடம் வெட்டே இல்லாமல் ஓட வேண்டிய ஷாட். மிமிக்ரிக்காரர் கண்ணாடிக்குப் பின்னால் வயிறு குலுங்கச் சிரித்துக்கொண்டிருந்தார்.

இரண்டு நிமிடம் தாண்டியதும் பாட்டில் சாய்ந்தது. வலது பக்கமாக உருண்டு மணலில் விழுந்தது.

"நிறுத்தும்மா" என்றார் மிமிக்ரிக்காரர். அவர் சிரிப்பு நின்றிருந்தது. "கொஞ்சம் பின்னால போ. இங்க ஸ்கிரிப்ட்டுல வசனம் ஒண்ணும் இல்லியே."

"இல்ல."

"வாய் அசையுதே."

அவள் பின்னால் போய் மறுபடி ஓட்டினாள்.

"பாரு. இதோ. மறுபடியும் இதோ. ஏதோ சொல்றார். வாய் குவியுது, உதடு ரெண்டும் ஒட்டுது, அப்புறம் பல் தெரியுது. அதுவும் இடது பக்கம் மட்டும்தான் அசையுது. சின்ன வார்த்தை. என்ன வார்த்தைன்னு தெரிஞ்சா நான் குடுத்துடுவேன்."

வாயசைவு படிப்பது அவர் பிழைப்பு. அவரால் கண்டுபிடிக்க முடியாததைக் குளம்பு முதல் பார்வையிலேயே படித்துவிட்டாள். இந்த வாயை, இதே இடது பக்கத்தை, ஒன்பது வாரமாக ஒரு நாளைக்கு முப்பது தடவை அவள் பார்த்துக்கொண்டிருக்கிறாள்.

"அண்ணே, நீங்க போய் ஒரு டீ சாப்பிட்டுட்டு வாங்க" என்றாள்.

அவர் அவள் முகத்தைப் பார்த்தார். ஒன்றும் கேட்காமல் செருப்பை மாட்டிக்கொண்டு போனார்.

மெஷின் கோளாறு என்று சித்தப்பா சொன்னது உண்மையாக இருக்கட்டும் என்று அவள் வேண்டிக்கொண்டாள். ஆனால் அவளுக்குத் தெரிந்த ஒரு விஷயம் சித்தப்பாவுக்குத் தெரியாது. சத்தம் பதிவு செய்கிறவர் ஒவ்வொரு நாளும் எல்லாவற்றையும் இரண்டாவது டிஸ்க் ஒன்றிலும் ஏற்றி, மணல் தட்டு வைத்திருக்கும் அலமாரியின் கீழ் டிராயரில் போட்டுவிடுவார். அதை யாரும் திறப்பதே இல்லை. பாதுகாப்புக்கு இருக்கட்டும் என்று கிடப்பது.

டிராயரில் அன்றைய தேதி எழுதிய டிஸ்க் இருந்தது. ஹெட்போனை மாட்டிக்கொண்டாள். படத்தோடு சேர்த்து ஓட்டினாள்.

துப்பாக்கிச் சத்தம். விழும் சத்தம். துடைப்பம். அடக்கிய சிரிப்புகள். மைக்குக்கு மிகப் பக்கத்தில் யாரோ மூச்சுக்குள்ளேயே எண்ணிக்கொண்டிருந்தார்கள். ஆணா பெண்ணா என்றுகூடத் தெரியாத அளவுக்கு மெல்லிய குரல். நூற்று இருபத்து மூன்று, நூற்று இருபத்து நாலு.

பாட்டில் உருண்டது. எல்லோரும் பொத்துக்கொண்டு சிரித்தார்கள்.

அந்தச் சிரிப்பு அடங்கும்போது, "தொப்பி" என்றது அப்பாவின் குரல்.

யாரோ அசைந்தார்கள். செருப்பு மணலில் தேயும் சத்தம். உடனே சித்தப்பாவின் குரல் கிசுகிசுத்தது. "யாரும் தொடாதீங்க. வசனம் முழுசா வரட்டும்."

"தொப்பி."

சிரிப்பு.

"தொ... தொப்பி."

"பாதியச் சொல்லிச் சொல்லி நிறுத்தறான் பாரு. ராஜா மாதிரி பண்றான். அப்படியே ஓடட்டும்."

குளம்பு நிறுத்தவில்லை. நிறுத்தினால் மறுபடி ஓட்ட முடியாது என்று தெரிந்திருந்தது. அந்தச் சட்டத்தை அப்பா அறிவார். தொப்பி கேட்டால்தான் கட். கட் சொன்னால்தான் ஆள் வரும். வாய் பாதி செத்துப்போன நிலையில், 'யாராவது' வரவில்லை, 'பாத்தீங்களா' வரவில்லை. நடுவிலிருந்த ஒரு சொல்லை மட்டும் பிடித்துக்கொண்டு அவர் எல்லோரையும் கூப்பிட்டுக்கொண்டே இருந்தார். ஒவ்வொரு தடவைக்கும் சிரித்தார்கள்.

நாலாவது நிமிடம் தாண்டியபின் அவர் ஒன்றும் சொல்லவில்லை. சீட்டுப் போடும் சத்தம் மட்டும். எண்ணும் குரல் மட்டும் விடாமல் போய்க்கொண்டிருந்தது. முந்நூற்று எண்பத்தொன்று, முந்நூற்று எண்பத்திரண்டு. அங்கே சட்டென்று நின்றது.

அப்புறம் தச்சராக நடித்தவரின் குரல். "சார், பேண்ட்டெல்லாம் நனைஞ்சிருக்கு சார்."

அதற்கும் இரண்டு பேர் சிரித்தார்கள். பிறகு நாற்காலி விழுந்தது, எல்லோரும் ஓடினார்கள்.

ஹெட்போனைக் கழற்றியபோது கதவருகில் சித்தப்பா நின்றிருந்தார். கையில் போன். தியேட்டரோடு பேசிவிட்டு நல்ல சேதியோடு வந்திருப்பார் போலிருக்கிறது, அந்தச் சந்தோஷத்தின் மிச்சம் இன்னும் முகத்தில் ஒட்டிக்கொண்டிருந்தது. திரையையும் அவள் கையையும் பார்த்ததும் அது கழன்று விழுந்தது.

"அது எங்க கெடச்சது?"

"டிராயர்ல."

அவர் உள்ளே வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார். எழுந்தார். மறுபடி உட்கார்ந்தார்.

"எத்தனை தடவை சொல்றார்னு எண்ணிப் பாத்தீங்களா சித்தப்பா?"

"பதினொண்ணு" என்றார் உடனே.

அவளுக்குக் கத்த வேண்டும் போல இருந்தது. அவர் யோசிக்காமல் சொன்ன அந்த எண் அவள் வாயை அடைத்துவிட்டது.

"என்கிட்ட இருந்தத தினமும் கேட்டேன்மா" என்றார். "போன வாரம்தான் அழிச்சேன். அழிச்சும் கேக்குது."

"விழுந்ததும் தூக்கிட்டோம்னு சொன்னீங்க. டாக்டர்கிட்ட சொன்னீங்க. எங்கிட்ட சொன்னீங்க."

"வேற என்ன சொல்றது? அண்ணன் உயிருக்குப் போராடிட்டு இருந்தான், நான் பக்கத்துல நின்னு மனசுக்குள்ள கைதட்டிட்டு இருந்தேன்னா? போன படத்துல மூக்கு மேல ஈ உக்காந்தப்பக்கூட அசையாம கெடந்தவன். எச்சி ஒழுக விட்டவன். இதுவும் அப்படின்னுதான் நெனச்சேன். அவன் வாழ்க்கையிலயே பண்ணினதுல பெஸ்ட் இதுதான்னு நெனச்சேன்."

கடைசி வார்த்தை வரும்போது அவர் குரல் உடைந்தது. பெரிய மனிதர், கேமரா முன்னால் நூறு பேரை அதட்டுகிறவர், ஸ்டூலில் உட்கார்ந்து சின்னப்பிள்ளை மாதிரி முழங்கையால் முகத்தை மூடிக்கொண்டார். அவளுக்கு இரக்கம் வரவில்லை. வந்திருந்தால் நன்றாக இருந்திருக்கும்.

"அந்த ஷாட் படத்துல வேண்டாம்" என்றாள்.

"இருக்கட்டும்மா."

"சித்தப்பா."

"அவனோட கடைசி ஷாட். இனிமே அவன் கேமரா முன்னால வரப்போறதில்ல. வெட்டிட்டா அத்தனை நேரமும் சும்மா கெடந்த மாதிரி ஆயிடும். வச்சா மொத்தத் தியேட்டரும் எண்ணும். அவனுக்கு அதைவிட என்ன வேணும்?"

"நம்மளக் கூப்பிட்டுட்டே இருந்தார். அதை உக்காந்து எண்ணுவாங்களா? அதுக்குச் சிரிப்பாங்களா?"

"அவங்களுக்குத் தெரியாது."

"எனக்குத் தெரியும்."

வெளியே மிமிக்ரிக்காரர் யாரிடமோ அப்பாவின் குரலில் டீ கேட்டுக்கொண்டிருந்தார். பழக்கதோஷம். இருவரும் அதைக் கேட்டுக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள்.

"நான் சொல்றதுக்கு யோக்கியதை இல்ல" என்றார் கடைசியில். "நாளைக்கு மத்தியானம் படம் தியேட்டருக்குப் போகணும். வைக்கறதா இருந்தாலும் உன் கையால வை. வெட்டறதா இருந்தாலும் உன் கையால வெட்டு. வேணும்னா உங்க அப்பாவையே கேளு."

"எப்படிக் கேக்கறது? கேட்டா என்ன பதில் வரும்னு உங்களுக்குத் தெரியாதா?"

அவர் எழுந்து போய்விட்டார்.

வீட்டுக்கு நடந்தே போனாள். இரண்டு பஸ்ஸை விட்டுவிட்டாள். நாலு நிமிடம் முன்னால் தூக்கியிருந்தால் ஏதாவது மாறியிருக்குமா என்று டாக்டரைக் கேட்கலாம். மாறியிருக்காது என்று அவர் சொன்னால் யாரைக் கோபித்துக்கொள்வது? மாறியிருக்கும் என்று சொன்னால் அதை எங்கே கொண்டுபோய் வைப்பது? கேட்காமலே இருந்துவிடலாம் என்று தோன்றியது. அதுவும் சித்தப்பா செய்த காரியம்தானே என்றும் தோன்றியது. ஒரு துணிக்கடைக் கண்ணாடியில் தன் முகத்தைப் பார்த்துவிட்டுத் தலையைத் திருப்பிக்கொண்டாள்.

வீட்டில் சாயங்கால வெயில் ஜன்னல் வழியாக விழுந்திருந்தது. அப்பா காலையில் இருந்த அதே நாற்காலியில். அம்மா தையல் மெஷினில் ஏதோ சட்டைக்குக் காலர் வைத்துக்கொண்டிருந்தாள்.

குளம்பு செருப்பைக் கழற்றும்போதே, "தொப்பி" என்றார் அப்பா.

மெஷின் நின்றது. அம்மா எழுந்து ஆணியை நோக்கி நடந்தாள்.

"வேண்டாம்மா" என்றாள் குளம்பு.

"கேக்கறார்ல."

"அதை இல்லம்மா கேக்கறது."

அம்மா நடந்துபோய்த் தொப்பியை எடுத்தாள். எடுத்தவள் திரும்பி வரவில்லை. சுவரைப் பார்த்தபடி அங்கேயே நின்றாள்.

குளம்பு அப்பாவின் முன்னால் தரையில் உட்கார்ந்தாள். அவர் இடது கை நாற்காலிக் கையை இறுகப் பிடித்திருந்தது. எப்போதும் அப்படித்தான் பிடித்திருப்பார். பலத்துக்கு என்று நினைத்திருந்தார்கள்.

"தொப்பி" என்றார் அவர், அவள் கண்ணைப் பார்த்து.

அவள் தொண்டையைச் செருமிக்கொண்டாள்.

"கட்" என்றாள். அது சரியாக வெளியே வரவில்லை. சித்தப்பா சொல்வது போல, தெருக்கோடி வரை கேட்கிற மாதிரி மறுபடி சொன்னாள். "கட். ஷாட் ஓகே. கட், அப்பா. எல்லாரும் வாங்க. அவரத் தூக்குங்க."

அப்பா அசையவில்லை. பிறகு நாற்காலிக் கையைப் பிடித்திருந்த விரல்கள் ஒவ்வொன்றாக விட்டன. கை மடியில் விழுந்தது. தோள் இறங்கியது. வீட்டுக்கு வந்த நாளிலிருந்து முதல் தடவையாக அவர் முதுகு நாற்காலியில் நன்றாகச் சாய்ந்தது. கண்ணீர் இரண்டு பக்கமும் வழிந்தது. ஒரு பக்கம் மட்டும்தான் அவருக்குத் தெரிந்திருக்கும்.

இவ்வளவு நாளும் அவர் அந்த மணலிலேயே கிடந்திருக்கிறார். கூப்பிட்டுக்கொண்டே கிடந்திருக்கிறார். நாம் தொப்பியைக் கொண்டுவந்து கொடுத்துக்கொண்டே இருந்திருக்கிறோம். குளம்பு அவர் முழங்காலில் நெற்றியை வைத்து அழுதாள்.

தலைக்கு மேலே ஏதோ சத்தம் கேட்டது. நிமிர்ந்தாள். அப்பாவின் வாய் வேறு மாதிரி அசைந்துகொண்டிருந்தது. உதடு ஒட்டவில்லை. நாக்கு பல்லில் முட்டியது, வழுக்கியது, மறுபடி முட்டியது. நெற்றி நரம்பு புடைத்தது.

"எத்..." என்றார். மூச்சு வாங்கிக்கொண்டார். "எத்தனை?"

தெளிவாகக் கேட்டார். லேசான சளியோடு அவருடைய சொந்தக் குரல். எழுந்து மணலைத் தட்டிக்கொண்டு கேட்பது போலவே கேட்டார்.

எண் அவளுக்குத் தெரியும். எதற்காகக் கேட்கிறார் என்று தெரியவில்லை. சாதனை எவ்வளவு என்று கேட்கிறாரா, என்னை எவ்வளவு நேரம் போட்டு வைத்திருந்தீர்கள் என்று கேட்கிறாரா? அந்தக் கண்ணில் இரண்டுமே இருந்தன. அவள் உதட்டைக் கடித்துக்கொண்டு அவரையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"எத்தனை?" என்றார் மறுபடி.

"முன்னூத்தி எண்பத்திரெண்டு."

சொன்னது குளம்பு இல்லை.

அவள் திரும்பிப் பார்த்தாள். அந்த எண்ணை அவள் வீட்டில் யாரிடமும் சொல்லவில்லை. அன்று வேனில் உட்கார்ந்து துணி மடித்துக்கொண்டிருந்த அம்மா, தொப்பியை நெஞ்சோடு அணைத்தபடி சுவரைப் பார்த்து நின்றிருந்தாள். மகளைப் பார்க்காமல், மூச்சுக்குள்ளேயே பேசுகிற அந்த மெல்லிய குரலில், இன்னொரு முறை சொன்னாள்.

"முன்னூத்தி எண்பத்திரெண்டுங்க."